டி சிக்காவின் விடுதிப் பள்ளிகள்

விட்டோரியோ டி சிக்கா என்ற பெயரைத் தமிழ் வாசகருக்கு அறிமுகப்படுத்தியது ஒரு சைக்கிள். 1952இன் தொடக்கத்தில் இந்தியாவில் நடந்த முதலாவது சர்வதேசத் திரைப்பட விழா பம்பாயில் தொடங்கி, சென்னை உட்பட வேறு நகரங்களுக்கும் சென்றது. 'பைசிக்கிள் தீவ்ஸ்' அந்த விழாவோடு வந்தது. அதன் பிறகு திரைப்படச் சங்கங்களும் சிறுபத்திரிகைகளும் அவரை நவயதார்த்தத்தின் முகமாகவே நிலைநிறுத்திவிட்டன. வறுமை, தெரு, நடிப்பைத் தொழிலாகக் கொள்ளாத மனிதரின் முகங்கள், அடக்கிய அழுகை. இந்தச் சித்திரம் பிழையானதல்ல. ஆனால் அது 1946இல் தொடங்குகிறது. டி சிக்கா படம் இயக்கத் தொடங்கியதோ 1940இல். இடைப்பட்ட ஆண்டுகளில் அவர் எடுத்தவற்றில் பெரும்பாலானவை சிரிப்புப் படங்கள். அவற்றுள் மூன்று, இளம்பெண்கள் நிறைந்த நிறுவனங்களின் மதிலுக்குள் நடப்பவை: ஒரு வணிகப் பள்ளி, ஓர் அநாதை விடுதி, ஒரு கன்னியர் மடத்து விடுதிப் பள்ளி.

விமர்சகர்கள் இவற்றை ஒரு மேதையின் இளமைக்கால விளையாட்டு என்று சொல்லித் தாண்டிப் போவது வழக்கம். அப்படித் தாண்டினால் அவருடைய 1946ஆம் ஆண்டுப் படமான 'ஷூஷா'வின் சிறுவர் சிறை வானத்திலிருந்து விழுந்ததுபோலத் தோன்றும். அது வானத்திலிருந்து விழவில்லை. படுக்கைகள் வரிசையாய்ப் போட்ட கூடம், மணியடித்ததும் எழும்பும் பிள்ளைகள், இரட்டை வரிசை, கண்காணிப்பாளர், சாப்பாட்டு மேசை, ஒளித்து வைத்த கடிதம் என்று அந்தச் சிறைக்கு வேண்டிய தளவாடம் முழுவதும் அவருடைய சிரிப்புப் படங்களில் முன்பே இருந்தது. சிரிப்பை மட்டும் எடுத்துவிட்டார்.

1940இல் இத்தாலியர் அறிந்திருந்த டி சிக்கா அழகான காதல் நாயகன், பாடகர். மாரியோ கமெரினியின் 1932ஆம் ஆண்டுப் படம் ஒன்றில் கார்ச் சாரதியாக வந்து அவர் பாடிய பாட்டு நாடு முழுவதும் முணுமுணுக்கப்பட்டது. இயக்குநராக வரும்போதும் தன் புன்னகையை மூலதனமாக வைத்துக்கொண்டுதான் வந்தார். தன் சிரிப்புப் படங்களில் தானே தோன்றினார். ஒன்றில் வியன்னாவிலிருந்து வரும் கனவான், இன்னொன்றில் கடனில் மூழ்கிய குழந்தை வைத்தியர், மூன்றாவதில் சிறிது நேரமே வந்துபோகும் ஒரு தளபதி.

பெண்பிள்ளைகளின் பள்ளியை அன்றைய இத்தாலியத் திரையுலகம் இவ்வளவு விரும்பியதற்கு முதற்காரணம் வியாபாரம். முசோலினியின் அரசு 1937 ஏப்ரலில் ரோமின் ஓரத்தில் சினெசித்தா படப்பிடிப்பு நகரத்தைத் திறந்தது. 1938இல் வெளிநாட்டுப் படங்களை இறக்குமதி செய்யும் உரிமையை அரசு நிறுவனம் ஒன்றின் தனியுரிமை ஆக்கியது. ஹொலிவூட்டின் பெரிய நிறுவனங்கள் இதை ஏற்காமல் சந்தையை விட்டு விலகின. ஒரே இரவில் திரையரங்குகளில் வெற்றிடம் ஏற்பட்டது. அதை நிரப்ப ஆண்டுக்கு நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் தேவைப்பட்டன. கதை எங்கிருந்து வரும்? பெருமளவு ஹங்கேரியிலிருந்து வந்தது. புடாபெஸ்ட் நாடகமேடையின் இலேசான நகைச்சுவை நாடகங்கள் ரோமில் சுடச்சுட மொழிபெயர்க்கப்பட்டன. தணிக்கைக்கும் இது வசதி. மணமுறிவு, கடன், மோசடி, குடும்பத்துக்குள் துரோகம் எல்லாம் வெளிநாட்டில் நடப்பதாகக் காட்டினால் இத்தாலியக் குடும்பத்தின் மானம் காப்பாற்றப்பட்டுவிடும். வெள்ளைத் தொலைபேசி வைத்த பணக்கார வரவேற்பறைகளில் நடக்கும் இந்தப் படங்களைப் பிற்காலத்தவர் வெள்ளைத் தொலைபேசிப் படங்கள் என்று கேலியாக அழைத்தார்கள்.

விடுதிப் பள்ளி இந்த வகையின் ஏழைத் தங்கை. தொலைபேசி அதிபரின் அறையில் ஒன்று இருந்தால் போதும். அரங்க அமைப்பு மலிவு, இளம் நடிகையர் ஏராளம். இவற்றை விடப் பெரிய வசதி ஒன்றும் இருந்தது. 1940 யூனில் இத்தாலி போருக்குள் இறங்கியது. அன்றைய பாசிச இளைஞர் அமைப்பில் சீருடை, அணிவகுப்பு, கட்டளை, கீழ்ப்படிவு எல்லாமே கடுமையானவை. சீருடையையும் கட்டளையையும் பார்த்துச் சிரிக்க ஓர் இடம் வேண்டும். ஆனால் அது உண்மையான சீருடையாக இருக்கக்கூடாது. தலைமையாசிரியையின் மூக்குக்கண்ணாடியைக் கேலி செய்வதால் அரசு கவிழாது. பள்ளிக்கூடம் அதிகாரத்தின் சின்ன உருவம்தான், ஆனால் யாரும் அதைப் பெரிய உருவத்தோடு ஒப்பிடுமாறு கேட்கவில்லை. 1933இல் பிரெஞ்சு இயக்குநர் ஜான் விகோ அப்படிக் கேட்டுப் பார்த்தார். விடுதிப் பள்ளிச் சிறுவர்களின் கலகத்தைப் பற்றிய அவரது 'நடத்தைக்குப் பூச்சியம்' பிரான்சில் உடனே தடைசெய்யப்பட்டு, போர் முடிந்த பிறகுதான் வெளியே வந்தது. டி சிக்காவின் முதற் பள்ளிப் படத்தின் பெயர் 'மதலேனா, நடத்தைக்குப் பூச்சியம்'. தலைப்பு ஏறக்குறைய அதே தலைப்பு. படத்துக்கோ யாரும் தடை விதிக்க நினைத்திருக்கமாட்டார்கள்.

அந்தப் படம் லாஸ்லோ காதாரின் ஹங்கேரிய நாடகத்திலிருந்து வந்தது. அதே நாடகத்தை 1938இல் புடாபெஸ்டில் படமாக்கியவர் லாஸ்லோ வாய்தா. டி சிக்காவின் அடுத்த படமான 'தெரேசா வெனெர்தி'யின் மூலக்கதையையும் முதலில் படமாக்கியவர் அவரே. இந்த வாய்தா பின்பு இத்தாலிக்கு வந்து எடுத்த சரித்திரப் படம் ஆட்சியாளருக்குப் பிடிக்காமல் போக, ஸ்பெயினுக்குப் பெயர்ந்தார். அங்கே 1955இல், துறவியரின் மடத்தில் வளரும் அநாதைச் சிறுவனைப் பற்றிய 'மார்செலீனோ' என்ற படத்தால் உலகப் புகழ் பெற்றார். மதிலுக்குள் வளரும் பிள்ளைகள் அவரை விடவேயில்லை.

'மதலேனா'வின் கதைமுடிச்சு அழகானது. பெண்களின் வணிகப் பள்ளி ஒன்றில் கடிதம் எழுதப் பயிற்றும் பாடநூல், வியன்னாவில் அல்ஃபிரெதோ ஹார்ட்மன் என்றொரு கற்பனை வியாபாரியை முகவரியாளராக வைத்திருக்கிறது. மாணவிகள் அவருக்கு விலைப்பட்டியல் அனுப்பிப் பழகுகிறார்கள். தனிமையில் வாடும் இளம் ஆசிரியையோ இரவில் அதே ஹார்ட்மனுக்குக் காதல் கடிதம் எழுதி வைக்கிறாள், அனுப்புவதற்காக அல்ல. கடிதம் மாணவிகளின் கையில் கிடைத்து, தபாலில் சேர்ந்துவிடுகிறது. வியன்னாவில் உண்மையாகவே ஒரு ஹார்ட்மன் இருக்கிறார். ஆசிரியையைக் காப்பாற்றப் பழியைத் தன் தலையில் போட்டுக்கொள்ளும் மதலேனாவாக நடித்தவர் கார்லா தெல் போஜ்ஜோ. அவருக்கு அப்போது 15 வயது, அதுவே முதற்படம்.

இந்த வகுப்பறையில் எவரும் பசியோடு இல்லை. போரைப் பற்றிப் பேச்சே இல்லை. கூர்ந்து பார்த்தால் இன்னொன்றும் இல்லை. 1938 செப்டெம்பரில் இத்தாலிய அரசு யூத மாணவரையும் ஆசிரியரையும் பொதுப் பள்ளிகளிலிருந்து வெளியேற்றியது. 'மதலேனா' திரைக்கு வந்த காலத்தில், அதே வயதுப் பெண்பிள்ளைகள் பலர் தங்கள் வகுப்புக்குள் நுழைய முடியாமல் வெளியே நின்றார்கள். அதிபரின் அறைக்குப் போய்த் தலைகுனிந்து நிற்பதுதான் ஒரு மாணவிக்கு நேரக்கூடிய ஆகப்பெரிய துன்பம் என்று காட்டிய படத்தை நாடு ரசித்துக்கொண்டிருந்தது. டி சிக்காவைக் குற்றம் சொல்வதற்காக இதை எழுதவில்லை. இந்தச் சிரிப்பு எவ்வளவு இறுக்கமாக மூடிய அறைக்குள் எழுந்தது என்பதைச் சொல்ல வேறு வழியில்லை.

'தெரேசா வெனெர்தி'யில் (1941) கதவு சற்றுத் திறக்கிறது. கடன்காரர் வீட்டுத் தளவாடங்களைத் தூக்கிச் செல்லும் நிலையில் உள்ள வைத்தியர் பியெத்ரோ, வேறு வழியின்றி ஒரு பெண்கள் அநாதை விடுதியில் மருத்துவப் பரிசோதகர் வேலையை ஏற்கிறார். அவருக்கு மூன்று பெண்கள்: மெத்தைத் தொழிலதிபரின் கவிதை எழுதும் மகள், மேடைப் பாடகி, விடுதியில் மருத்துவ அறையைக் கவனித்துக்கொள்ளும் அநாதைப் பெண் தெரேசா. பாடகியாக வருபவர் அன்னா மஞ்ஞானி. ஒத்திகையில் அரைமனதோடு பாட்டை இழுக்கும் அந்தச் சலிப்பில், நான்கு ஆண்டுகளுக்குப் பின் 'ரோம், திறந்த நகரம்' படத்தில் தெருவில் ஓடப்போகும் பெண்ணின் ஒரு சாயலும் தெரியாது. ஆனால் திரையில் அவர் மட்டுமே உண்மையான நகரத்திலிருந்து வந்தவராகத் தோன்றுகிறார். திரைக்கதையில் பெயர் குறிப்பிடப்படாமல் கைகொடுத்தவர் செசாரே சவாத்தீனி. பின்னாளில் 'ஷூஷா'வும் 'பைசிக்கிள் தீவ்ஸ்'உம் எழுதிய அதே சவாத்தீனி.

தெரேசாவுக்குப் பள்ளி முடிந்ததும் போக வீடில்லை. மதலேனா வெளியேற்றப்பட்டால் அப்பாவிடம் போவாள். தெரேசா வெளியேற்றப்பட்டால் யாரோ ஒருவர் வீட்டில் வேலைக்காரி. பொறாமை கொண்ட தோழி ஒருத்தியின் சூழ்ச்சியில் போலிக் காதல் கடிதம் ஒன்று கிளம்பும்போது சிரிப்புக்கு அடியில் முதல்முறையாகக் கொஞ்சம் குளிர் அடிக்கிறது. அதே ஆண்டு மாரியோ மத்தோலி எடுத்த 'ஒன்பது மணி, இரசாயன பாடம்' பணக்காரப் பெண்களின் விடுதிப் பள்ளியில் நடப்பது. அலிதா வல்லியும் பிறரும் அழகான இரசாயன ஆசிரியர்மீது காதல் கொள்ள, இரவில் ஒருத்தி இரகசியமாகச் சந்திக்கும் மனிதர் யாரென்று சந்தேகம் எழ, அவர் அவளுடைய தந்தை என்று தெரியவர, கடைசியில் இரத்ததானத்தில் பகைமை கரைகிறது. நன்றாக ஓடிய படம். அலிதா வல்லியின் முகத்தை நீக்கிவிட்டுப் பார்த்தால் அதில் மிச்சம் அதிகமில்லை என்பது என் கருத்து.

மூன்றாவது படம்தான் இந்த வகையின் உச்சம். 'மடத்தில் ஒரு கரிபால்டி வீரன்' 1942இல் வெளியானது. வயதான ஒரு மாது தன் பேத்திகளுக்குக் கதை சொல்கிறாள். காலம் இத்தாலிய ஒருங்கிணைப்புப் போர்க்காலம், 1860ஐ ஒட்டியது. அயல் வீடுகளைச் சேர்ந்த, குடும்பப் பகையால் முகம் பார்க்காத இரண்டு பெண்கள் ஒரே கன்னியர் மடத்து விடுதிப் பள்ளியில் சேர்க்கப்படுகிறார்கள். கத்தரினெத்தா குறும்புக்காரி, கார்லா தெல் போஜ்ஜோதான். மரியெல்லா அடக்கமானவள், நடித்தவர் மரியா மெர்காதேர். படத்தின் முற்பாதி முழுவதும் விடுதிப் பள்ளிச் சிரிப்பு: கன்னியரை ஏமாற்றுதல், தண்டனை, பிரார்த்தனை நேரத்துக் குசுகுசுப்பு, உளவு. பிறகு பூர்பன் அரசின் படையினரால் துரத்தப்பட்டுக் காயமடைந்த கரிபால்டி வீரன் ஒருவன் மதிலேறி உள்ளே விழுகிறான். மடத்தின் வேலையாளோடு சேர்ந்து பெண்கள் அவனை ஒளித்து வைக்கிறார்கள். அவன் மரியெல்லாவின் இரகசியக் காதலன். படையினர் சுற்றி வளைக்கையில் கத்தரினெத்தா குதிரையேறிப் போய் உதவி கொண்டுவருகிறாள். கரிபால்டியின் தளபதி நீனோ பிக்சியோவாக வந்து நிற்பவர் டி சிக்கா.

இதில் எனக்கு முக்கியமாகத் தெரிவது, குறும்பு எவ்வாறு வேறொன்றாக மாறுகிறது என்பது. முற்பாதியில் கத்தரினெத்தா ஒழுங்கை மீற என்னென்ன வித்தைகள் பழகினாளோ, மதிலுக்கு வெளியே போகும் வழி, கன்னியரின் கண்ணில் படாத மூலை, முகத்தை மாற்றாமல் பொய் சொல்லும் திறமை, அத்தனையும் பிற்பாதியில் ஓர் உயிரைக் காப்பாற்றும் கருவிகளாகின்றன. நல்ல பிள்ளை ஒருத்தியால் அந்த வீரனை ஒரு மணிநேரம்கூட ஒளித்து வைத்திருக்க முடியாது. பாசிச அரசு கரிபால்டியைத் தன் முன்னோராகவே கொண்டாடியது, ஆகவே தணிக்கைக்கு இதில் உறுத்தல் இல்லை. ஆனால் ஒன்றரை ஆண்டு கழித்து, 1943 இலையுதிர் காலத்தில், ஜேர்மன் படையையும் பாசிஸ்டுகளையும் எதிர்த்து மலையேறிய கம்யூனிஸ்டுக் கெரில்லாக்கள் தங்கள் அணிகளுக்கு வைத்த பெயரும் கரிபால்டிதான். அந்தக் குளிர்காலத்தில் இத்தாலி முழுவதும் மடங்களிலும் விடுதிப் பள்ளிகளிலும் தேடப்பட்ட யூதர்களையும் போராளிகளையும் கன்னியரும் துறவியரும் ஒளித்து வைத்தார்கள். டி சிக்கா இதை முன்னறிந்து எடுத்தார் என்று சொல்வது அபத்தம். கதை அவரை விட வேகமாக ஓடிவிட்டது, அவ்வளவுதான். (படப்பிடிப்பு அவருடைய சொந்த வாழ்வையும் மாற்றியது. 'தெரேசா'வில் விடுதிப் பொறுப்பாளராக நடித்த அவருடைய மனைவி ஜுதித்தா ரிஸ்ஸோனேயை விட்டு மெர்காதேரிடம் போனார். நீண்ட காலம் இரண்டு வீடுகளுக்குமிடையே ஓடித் திரிந்தார்.)

அடுத்த படத்தில் விடுதியின் பொருளே தலைகீழாகிறது. 1942இல் படமாக்கி, போர்க் குழப்பத்தின் நடுவே வெளியான 'குழந்தைகள் எங்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்' ஐந்து வயது மதிக்கத்தக்க பிரிக்கோவின் கதை. தாய் காதலனோடு போகிறாள், திரும்பி வருகிறாள், மீண்டும் போகிறாள். தந்தை பிள்ளையைத் துறவியர் நடத்தும் விடுதிப் பள்ளியில் சேர்த்துவிட்டுத் தற்கொலை செய்துகொள்கிறார். கடைசிக் காட்சியில் தாய் கறுப்புடையில் பிள்ளையைப் பார்க்க வருகிறாள். பிரிக்கோ வீட்டுப் பணிப்பெண்ணைக் கட்டிப்பிடித்து அழுகிறான். தாயின் பக்கம் போகவில்லை. அந்தப் பெரிய மண்டபத்தின் குறுக்கே திரும்பி நடக்கிறான்.

முந்தைய மூன்று படங்களிலும் மதில் ஒரு விளையாட்டுச் சாமான், ஏறிக் குதிக்க வேண்டியது. பெரியவர்கள் வெளியே இருந்தார்கள், பிள்ளைகள் உள்ளே தமக்கென ஓர் உலகத்தை வைத்திருந்தார்கள். பிரிக்கோவுக்கு உள்ளே தோழர் கூட்டம் இல்லை, குறும்பு இல்லை. பெரியவர்கள் தங்கள் வாழ்க்கையின் சிக்கலைத் தீர்க்க முடியாமல் பிள்ளையைக் கொண்டுபோய் வைக்கும் இடம்தான் விடுதி என்று படம் நேராகச் சொல்லிவிடுகிறது. சவாத்தீனியின் பெயர் இம்முறை எழுத்தாளர் பட்டியலில் இருக்கிறது. இத்தாலியக் குடும்பத்தை இப்படிக் காட்டியது ஆட்சியாளரின் காதுக்கு இனித்திருக்காது. அந்த ஆட்சியே 1943 யூலையில் விழுந்துவிட்டது.

பின்பு 'ஷூஷா', 1946. ரோம் தெருக்களில் அமெரிக்கச் சிப்பாய்களின் சப்பாத்துத் துடைக்கும் பஸ்குவாலே, ஜுசெப்பே என்ற இரு சிறுவர் குதிரை ஒன்றை வாங்கக் காசு சேர்க்கிறார்கள். கள்ளச்சந்தைக் கம்பளிப் போர்வை விவகாரத்தில் பெரியவர்களால் பயன்படுத்தப்பட்டு, சிறுவர் சிறையில் அடைக்கப்படுகிறார்கள். இந்தியப் பார்வையாளர் ராஜ்கபூர் தயாரித்த 'பூட் பாலிஷ்' (1954) வழியாக இதன் தூரத்து எதிரொலியைக் கேட்டிருப்பார்கள்.

சிறைக் காட்சிகளைப் பள்ளிப் படங்களோடு பக்கத்தில் வைத்துப் பாருங்கள். புதிதாக வந்தவரைப் பெயர் கேட்டுப் பதிவேட்டில் எழுதுகிறார்கள், பேன் பார்க்கிறார்கள், மருத்துவப் பரிசோதனை நடக்கிறது, உணவு வரிசையில் சண்டை வருகிறது, கூட்டாளிகளுக்குள் கோள் சொல்பவன் ஒருவன் இருக்கிறான், மேற்பார்வையாளரில் இரக்கமுள்ள ஒருவரும் இருக்கிறார். 'தெரேசா வெனெர்தி'யின் விடுதிக்கும் இந்த இடத்துக்கும் கட்டட அமைப்பில் பெரிய வேறுபாடு கிடையாது. முதற் சில நிமிடங்கள் நகைச்சுவையாகவே போகின்றன. சிறுவர்கள் ஒருவரையொருவர் கிண்டல் பண்ணுகிறார்கள். டி சிக்காவுக்கு அந்த வேகம் கைவந்த கலை.

அதன் பிறகு வருகிறது போலி. முந்தைய படங்கள் எல்லாவற்றையும் நகர்த்தியது ஏதோவொரு போலிப் பொருள்தான். இல்லாத மனிதருக்கு எழுதிய கடிதம். தோழி கிளப்பிய போலிக் காதல். மடத்தில் சொல்லும் பொய்கள். அவற்றைச் செய்தவர்கள் பிள்ளைகள். விளைவு கல்யாணம் அல்லது விடுதலை. 'ஷூஷா'வில் போலியைச் செய்பவர்கள் அதிகாரிகள். பஸ்குவாலேயின் வாயிலிருந்து உண்மையை எடுக்க, அடுத்த அறையில் ஜுசெப்பேயை வாரால் விளாசுவதுபோல ஓசை எழுப்புகிறார்கள். அடி விழுவது மூட்டையில். கத்துவது வேறொரு பையன். நண்பனைக் காப்பாற்றுவதாக நினைத்து பஸ்குவாலே காட்டிக்கொடுத்துவிடுகிறான். அந்த இடத்தோடு நட்பு முறிகிறது, படம் சாவை நோக்கி இறங்குகிறது. பள்ளிச் சிரிப்பின் மிகப் பழைய தந்திரம் இது, கதவுக்கு அப்பால் நடிப்பது. பெரியவர்கள் அதைக் கற்றுக்கொண்டுவிட்டார்கள். சிறையில் சினிமா காட்டும் இரவும் அப்படியே: பள்ளிப் படத்தில் கொண்டாட்டமாக இருந்திருக்கக்கூடிய காட்சி, இங்கே தீயிலும் தள்ளுமுள்ளிலும் முடிந்து, நோயாளிச் சிறுவன் ஒருவன் மிதிபட்டுச் சாகிறான்.

கார்லா தெல் போஜ்ஜோவும் மதிலைத் தாண்டி வெளியே வந்துவிட்டிருந்தார். அவர் மணந்துகொண்ட இயக்குநர் அல்பெர்த்தோ லத்துவாதாவின் 'கொள்ளைக்காரன்' படத்தில், அதே 1946இல், போரிலிருந்து திரும்பும் சகோதரன் விலைமாதர் விடுதியில் கண்டெடுக்கும் தங்கையாக நடித்தார். மதலேனாவை ரசித்தவர்களுக்கு ஆறே ஆண்டில் அந்த முகம் இப்படித் திரும்பி வந்தது பெரிய அதிர்ச்சியாக இருந்திருக்க வேண்டும்.

விடுதிச் சிரிப்பு அத்தோடு செத்துப்போகவில்லை. அது உயிரோடு இருந்தது ஆண்பிள்ளைகளின் பக்கம், அதுவும் சினிமாவை விட மூத்த ஒரு புத்தகத்தில். வம்பா என்ற புனைபெயரில் எழுதிய லூயிஜி பெர்த்தெல்லி 1907, 1908ஆம் ஆண்டுகளில் சிறுவர் வார இதழில் தொடராக வெளியிட்டு, 1912இல் நூலாக்கிய 'ஜான் புர்ராஸ்காவின் நாட்குறிப்பு' இத்தாலியக் குழந்தைகள் தலைமுறை தலைமுறையாக வாசிப்பது. வீட்டில் அடங்காததால் ஜான் புர்ராஸ்கா என்று பட்டப்பெயர் பெற்ற ஜன்னீனோவைப் பியெர்பவோலி விடுதிப் பள்ளிக்கு அனுப்பிவிடுகிறார்கள். அங்கே நாள் தவறாமல் அரிசிச் சூப். வெள்ளிக்கிழமை மட்டும் வித்தியாசமான, ருசியான சூப் ஒன்று வரும். அதன் இரகசியத்தை ஜன்னீனோவும் கூட்டாளிகளும் சாயப்பொடி தூவிக் கண்டுபிடிக்கிறார்கள்: தட்டுகளைக் கழுவிய நீரில்தான் அந்தச் சூப் வேகிறது. பள்ளியை நடத்தும் தம்பதியர் இறந்துபோன நிறுவனரின் ஆவியை அழைத்து ஆலோசனை கேட்பவர்கள்; அவருடைய படத்துக்குப் பின்னாலிருந்த துளை வழியாக ஜன்னீனோ ஆவியின் குரலில் பதில் சொல்கிறான். கலகம் வென்று தக்காளிக் கூழ் மேசைக்கு வருகிறது.

டி சிக்காவின் பெண்கள் காதலுக்காக ஒழுங்கை மீறினார்கள். ஜான் புர்ராஸ்கா சோற்றுக்காக மீறினான். இரண்டாவது சிரிப்பு அதிக காலம் வாழ்ந்ததில் எனக்கு வியப்பில்லை. 1943இல் செர்ஜியோ தோஃபானோ இதைப் படமாக்கினார். 1964 டிசெம்பரில் தொடங்கி இத்தாலியத் தொலைக்காட்சி எட்டுப் பகுதிகளாக ஒளிபரப்பியது. இயக்கியவர் லீனா வெர்த்முல்லர், இசை நீனோ ரோத்தா, குறும்புப் பையனாக நடித்தவர் 19 வயதுப் பாடகி ரீத்தா பவோனே. தக்காளிக் கூழை வாழ்த்தும் அவருடைய பாட்டு நாட்டையே ஆட்டிவைத்தது. அதற்கு இரண்டு ஆண்டு முன்புதான், 1962இன் கடைசி நாளில், 14 வயது வரை எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒரே நடுநிலைப் பள்ளி என்ற சட்டம் நிறைவேறியிருந்தது. பணக்காரனின் பள்ளி, தொழிலாளி மகனின் பள்ளி என்ற பிரிவு ஏட்டிலாவது போனது. பெண்கள் பள்ளிச் சிரிப்போ 1970களில் வேறு திசையில் இழிந்தது. 1975இல் வந்த 'லா லிச்செயாலே'யும் அதன் வாரிசுகளும் பள்ளிக்கூடத்தைச் சாவித் துவாரம் வழியாக மட்டுமே பார்த்தன. அவற்றைப் பற்றி மேலும் எழுத எதுவும் இல்லை.

நம் பக்கம் இதற்கு நிகரானது ஏன் வரவில்லை? 'தெரேசா வெனெர்தி' வந்த 1941இல்தான் சென்னையில் 'சபாபதி' வந்தது. டி. ஆர். ராமச்சந்திரனின் மண்டுக் கதாநாயகன், கே. சாரங்கபாணியின் தமிழாசிரியர், காளி என். ரத்தினத்தின் வேலைக்காரன். வாத்தியாரைக் கிண்டல் பண்ணத் தமிழ்ப் படத்துக்குத் தெரியாமல் இல்லை. ஆனால் அந்தப் பையன் சாயந்திரம் வீடு திரும்பி அம்மா கையால் சாப்பிடுகிறான். விடுதி என்ற மூடிய உலகம் அங்கே இல்லை.

விடுதி நம்மிடமும் பழையதுதான். அமெரிக்க மிஷனரிகள் யாழ்ப்பாணத்தில் வட்டுக்கோட்டைச் செமினரியை 1823இலும் உடுவில் பெண்கள் விடுதிப் பள்ளியை 1824இலும் தொடங்கினார்கள். பிள்ளைகளின் செலவை ஏற்ற அமெரிக்க நன்கொடையாளரின் பெயர்களையே பிள்ளைகளுக்குச் சூட்டினார்கள். ஆரம்பத்தில் மிஷன் வளவுக்குள் சமைத்த சோற்றை மாணவர்கள் தொட மறுத்ததால், பக்கத்தில் சைவர் ஒருவரின் காணியில் சமையலறை அமைக்க வேண்டிவந்தது. யாழ்ப்பாணத்துக்கு வாய்த்த ஜான் புர்ராஸ்காவின் சூப் இது. சாதியும் மதமும் பசியும் ஒரே பானைக்குள் கிடந்த அந்த நிலைமையில் சிரிக்க எவ்வளவோ இருந்திருக்கிறது. அதை எழுதியவர்கள் மிஷன் அறிக்கை எழுதியவர்கள். அவர்களுக்குச் சிரிப்பு வரவில்லை.

1945இல் இலவசக் கல்வி வந்த பிறகு இலங்கையில் விடுதியின் பொருள் மாறியது. கல்வி அமைச்சர் சி. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கரா நாடெங்கும் கிராமப்புறங்களில் எழுப்பிய மத்திய மகா வித்தியாலயங்களுக்கு விடுதிகள் இருந்தன. ஐந்தாம் தரப் புலமைப்பரிசிலில் தேறிய ஏழைப் பிள்ளை அங்கே வந்து தங்கிப் படிக்கலாம். மாத்தளை மாவட்டத்தின் கிழக்கு எல்லையில் இருக்கும் வில்கமுவவை எடுத்துக்கொள்ளுங்கள். மாவட்டத் தலைநகருக்கும் அதற்கும் நடுவே நக்கிள்ஸ் மலைத்தொடர் கிடக்கிறது. மறுபுறம் மகாவலியும், 1984இல் பிரகடனப்படுத்திய வஸ்கமுவ தேசியப் பூங்காவும். யானை வயலுக்கு வரும் ஊர். தனிக் கல்வி வலயம் அமைந்தும், பெயர் பெற்ற பாடசாலை வேண்டுமென்றால் பிள்ளை மலையைத் தாண்ட வேண்டும். இத்தாலியப் பணக்காரன் தன் மகளை அடக்குவதற்காக அனுப்பிய விடுதிக்கு, இங்கே விவசாயி தன் மகளைத் தூரத்தின் காரணமாக அனுப்புகிறான். டி சிக்காவின் பெண்கள் ஒழுங்கை மீறியது காதலுக்கு. இங்குள்ள பத்து வயதுப் பிள்ளை மதிலைப் பார்ப்பது ஞாயிற்றுக்கிழமை அப்பா வருவாரா என்று.

இது சிரிப்புக்கு எதிரான வாதமல்ல. விடுதியில் படித்த எவரிடமும், சிங்களவரோ தமிழரோ, பேச்சுக் கொடுத்தால் முதலில் வருவது கண்ணீர்க் கதையல்ல. தண்ணீராய் ஓடும் பருப்பு, கறியில் மிதந்த ஏதோ ஒன்று, மாமரம், பேய் வேடம், வோடனின் டோர்ச் வெளிச்சம், மாட்டிக்கொள்ளாமல் தப்பியவன், மாட்டிக்கொண்டும் காட்டிக்கொடுக்காதவன். ஜான் புர்ராஸ்காவுக்கு வேண்டிய முழுச் சரக்கும் அந்த வாய்களில் இருக்கிறது. நம் திரையில் விடுதி வருவது பெரும்பாலும் கல்லூரி மாணவியர் பாட்டுக்காகவோ, பாழடைந்த கட்டடத்துப் பேய்க்காகவோதான். நமது எழுத்தும் திரையும் விடுதிப் பிள்ளையைப் பரிதாபத்துக்குரியவனாகவோ சாதனையாளனாகவோ பார்க்கப் பழகிவிட்டன. புலமைப்பரிசில் வென்றவன் குறும்பு செய்யக்கூடாது என்பது பெற்றோரின் எதிர்பார்ப்பு மட்டுமல்ல, கதாசிரியரின் எதிர்பார்ப்பும்கூட. 1942இல் ரோமில் கத்தரினெத்தாவைக் குதிரையில் ஏற்றியவர்களுக்கு அந்தத் தயக்கம் இருக்கவில்லை.